முன்னூற்று எண்பத்தாறு வாக்காளரும் நாலு மூலை மஞ்சளும்

அச்சகத்தில் கடதாசி எண்ணுகிறவனுக்கு இரண்டு பயம் உண்டு: ஒன்று குறைந்துபோகுமோ என்பது, மற்றது கூடிப்போகுமோ என்பது. குறைந்தால் வாடிக்கையாளர் ஏசுவார், கூடினால் முதலாளி ஏசுவார். சரியாக இருந்தால் ஒருவரும் ஒன்றும் சொல்லமாட்டார்கள். ரொறன்ரோவில் ஏதாவது ஒரு கடையின் பின்பக்கத்தில் நின்று வேலை செய்திருந்தால், அந்த ஒன்றும் சொல்லாத நாளுக்காக நாங்கள் எவ்வளவு பாடுபடுகிறோம் என்று உங்களுக்குத் தெரியும்.

நான் வேலை செய்தது ஸ்காபரோவில் ஒரு பிளாசாவில் இருந்த தமிழ் அச்சகத்தில். தொண்ணூறுகளில் ஒன்பது வருடம். முதலாளி குகன் மெசின் ஓட்டுவார். சுபா கொம்பியூட்டரில் எழுத்துக் கோர்ப்பா. அவ இரண்டு பிள்ளைகளின் தாய், இங்கேயே பள்ளிக்கூடம் முடித்தவ, ஆங்கிலம் அவவுக்குத் தண்ணீர் மாதிரி. வெட்டுவது, மடிப்பது, எண்ணுவது, கட்டுவது நான். எட்டாம் வகுப்போடு நின்றவன். ஆட்களோடு கதைக்க எனக்குக் கூச்சம். எண்ணிக்கையில் மட்டும் என்னை ஒருவரும் பிழை பிடித்ததில்லை.

இங்கே எழுதுவது எல்லாம் ஒரு பொதுத்தேர்தலைப் பற்றியது. அது கனடாத் தேர்தல் அல்ல, எங்கள் நாட்டுத் தேர்தலும் அல்ல. கரீபியன் கடலில், அப்போதும் இங்கிலாந்து மகாராணிக்குக் கீழே இருந்த ஒரு சின்னத் தீவின் தேர்தல். தீவின் பெயரை எழுதவில்லை. அங்கே எல்லோருக்கும் எல்லோரையும் தெரியும் என்பதால் ஆளைப் பிடித்துவிடுவார்கள். அந்தத் தீவு ஆட்கள் ஆங்கிலத்தில் சொன்னதை எனக்கு விளங்கின மட்டில் எங்கள் பேச்சில் எழுதுகிறேன். விளங்காத இடங்களைச் சுபா விளங்கப்படுத்தினா.

பத்துக் கூட

ஒரு மாசி மாதம், சப்பாத்து முழுக்க உப்பும் பனியுமாக ஒரு கறுப்பினப் பெண்மணி கடைக்குள் வந்தா. ஐம்பத்தைந்து வயதிருக்கும். பெயர் ஒலிவ். மல்வேர்னில் ஒரு முதியோர் இல்லத்தில் வேலை. கையில் நாங்கள் அடித்த ஒரு கலியாணக் கார்ட் இருந்தது. கூட வேலை செய்கிற தமிழ்ப் பிள்ளை கொடுத்ததாம். அந்த மட்டை அவவுக்குப் பிடித்துக்கொண்டது. பாலாடை நிறம், கையில் பிடித்தால் மடங்காது. அதே மட்டையில் தம்பிக்குத் தேர்தல் கார்ட் அடிக்க வேண்டும் என்றா. "தீவில் அச்சகம் இல்லையோ?" என்று குகன் கேட்டார். ஒன்று இருக்கிறதாம், ஆனால் அதன் சொந்தக்காரரே இன்னொரு தொகுதியில் நிற்கிறாராம்.

தம்பி இரண்டு முறை நின்று இரண்டு முறையும் தோற்றவர். முதல் முறை பதினொரு வாக்கால், அடுத்த முறை ஆறு வாக்கால். இந்த முறையும் தோற்றால் இனி நிற்பதில்லை, மீன்பிடிப் படகோடு இருந்துவிடுவேன் என்று சொல்லிவிட்டாராம். அந்த ஊரில் மருந்துச்சாலை இருக்கிறது, நேர்ஸ் கிழமையில் ஒரு நாள்தான் வருவா. நேர்ஸை ஒவ்வொரு நாளும் வரப்பண்ணுவது ஒன்றுதான் அந்த மனிதரின் ஆசை. தொகுதியில் முன்னூற்று எண்பத்தாறு வாக்காளர். கார்ட்டும் முன்னூற்று எண்பத்தாறு. எங்கள் தொழிலில் எப்போதும் கொஞ்சம் கூட வைத்துத்தான் கட்டுவோம், கலியாண வீட்டுக்காரர் கடைசி நேரத்தில் ஒரு மாமாவை மறந்துபோய் ஓடிவருவார்கள் என்பதால். "பத்துக் கூட வைச்சுத் தாறம் எண்டு சொல்லு பிள்ளை" என்று சுபாவிடம் சொன்னேன். ஒலிவ் திடுக்கிட்டுப் போனா. "வேண்டாம், வேண்டாம். முன்னூற்றுத் தொண்ணூற்றாறு போய் இறங்கினால், செத்த ஆக்களின்ரை வோட்டும் போடப் போறான் எண்டு மத்தியானத்துக்குள்ள தீவு முழுக்கக் கதை போயிடும்."

எண்ணிக்கை என்று வந்தால் எனக்கு வாய் சும்மா இராது. அந்த முன்னூற்று எண்பத்தாறில் தம்பியும் எதிர்த்து நிற்கிறவரும் அடக்கமோ என்று கேட்கச் சொன்னேன். இரண்டு பேரும் அடக்கம் என்றா. எதிராளிக்குக் கொடுப்பது மரியாதை, அது எனக்கு விளங்கியது. தம்பிக்கு ஏன் தம்பியின் கார்ட்? ஒலிவ் சுபாவைப் பார்க்காமல் நேரே என்னைப் பார்த்துச் சொன்னா: "தான் என்ன சொல்லி வோட்டுக் கேட்டவன் எண்டதை அவனும் வீட்டில வைச்சிருக்க வேணும்."

ஒரு வரி

கார்ட்டில் போடுவதற்குத் தம்பி ஒரு படமும் ஒரு வரியும் அனுப்பியிருந்தார். "நேர்ஸ் ஒவ்வொரு நாளும்." அவ்வளவுதான். சுபாவுக்கு மனம் கேட்கவில்லை. இவ்வளவு நல்ல மட்டையில் இவ்வளவு வெறும் இடமா என்று ஒரே புறுபுறுப்பு. ஒலிவ் கடை ரெலிபோனில் தம்பியைக் கூப்பிட்டு, எல்லோருக்கும் கேட்கிற மாதிரி ஸ்பீக்கரைப் போட்டா. அவர் "ஹலோ" என்றுவிட்டு நின்றுவிட்டார். பிறகு கடல் இரைகிற மாதிரி லைனின் இரைச்சல்தான்.

இதுதான் அவருடைய வியாதி என்று ஒலிவ் எங்களுக்குச் சொன்னா, அவருக்கும் கேட்கும்படியாகவே. போன இரண்டு தேர்தலிலும் வீடு வீடாகப் போனவராம். வாசல் கேற்றடியில் கார்ட்டைக் கொடுப்பார், தொப்பியைத் தூக்குவார், அடுத்த வீட்டுக்குப் போய்விடுவார். எதிராளி உள்ளே போய்க் கதிரையில் இருந்து, ஆட்டுக்குட்டி எப்படி, மகளின் பரீட்சை எப்படி என்று கேட்டுவிட்டுத்தான் எழும்புவாராம். எனக்கு அந்தத் தொப்பி மனிதரைக் காணாமலே பிடித்துக்கொண்டது. நானும் ஒரே மாடிக் கட்டடத்தில் ஏழு வருடம் இருந்து, லிஃப்டில் இலக்கத்தைப் பார்த்துக்கொண்டே போய்வருகிறவன். சுபா விடவில்லை, "இன்னும் என்ன எழுத?" என்று கேட்டா. கன நேரம் கழித்துக் குரல் வந்தது: "அது நடந்தால் வேற எழுதத் தேவையில்லை. நடக்காட்டில் வேற எழுதிப் பிரயோசனமில்லை."

கேட்கக்கூடாத கேள்வி

நாலு நாள் கழித்து, குகன் மை வாங்கப் போயிருந்த நேரம், சுபா சாப்பிடப் போயிருந்த நேரம், உயர்ந்த மனிதர் ஒருவர் வந்தார். பெயர் கிளைவ். பஸ் திருத்துகிற கராச்சில் வேலை. அதே தீவு, அதே தொகுதி, அதே தேர்தல். ஒலிவின் தம்பியை இரண்டு முறை தோற்கடித்தவர் இவருடைய அண்ணன். அவருக்கும் கார்ட் வேண்டும், மஞ்சள் மட்டையில். அவர்களின் கட்சி நிறம் மஞ்சள். ஒலிவின் கட்சி நீலம். பாலாடை மட்டையில் எழுத்தும் கரையும் நீலத்தில் அடிப்பதாகப் பேச்சு.

விபரம் எல்லாம் எழுதிக் கொடுத்துவிட்டு, மேசையில் சாய்ந்துகொண்டு மெல்லக் கேட்டார், ஒலிவ் எத்தனை அடிக்கிறா என்று. தெரியாது என்று சொல்ல முடியாது, எண்ணுகிறவன் நான். சொல்லவும் முடியாது. என்னிடம் இருந்த ஆங்கிலத்தை எல்லாம் கூட்டிப் பார்த்துச் சொன்னேன்: "சேர், மை ஜொப் கவுன்ற். நொட் ரோக்." எண்ணுவதுதான் என் வேலை, கதைப்பது இல்லை என்று அர்த்தம். அவர் பெரிதாகச் சிரித்து, தன் எண்ணிக்கையை ஒரு துண்டில் எழுதி மடித்து என் கையில் வைத்தார். அது எத்தனை என்பதை இன்றைக்கும் நான் எழுதப் போவதில்லை. போகிறபோது சொன்னார்: "அப்ப என்ரை கணக்கும் உம்மட்ட பத்திரமாய் இருக்கும்."

ஒரே வாங்கில்

அடுத்த சனிக்கிழமை, மாதிரி பார்க்க இரண்டு பேரும் ஒரே நேரத்தில் வந்துவிட்டார்கள். ஒருவர் கதவால் வர, மற்றவர் பின்னால் வருகிறார். நானும் குகனும் எங்கள் ஊர்த் தேர்தல்களைக் கண்டவர்கள். குகன் போய் முன் கண்ணாடிக்குப் பக்கத்தில் நின்றுகொண்டார். உடைந்தால் பிடிக்கலாம் என்று நினைத்தாரோ தெரியாது. நான் நீல எழுத்துத் தாளின் மேலும் மஞ்சள் தாளின் மேலும் றிச்மண்ட் ஹில் கோயில் கலியாணம் ஒன்றின் தாள்களைப் பரப்பி மூடினேன்.

அவர்கள் இரண்டு பேரும் சுவரோரம் கிடந்த ஒரே நீள மர வாங்கில் பக்கத்தில் பக்கத்தில் இருந்தார்கள். ஒலிவ் பையைத் திறந்து ஒரு டப்பாவை எடுத்தா. பொரித்த மீன். கிளைவ் கேட்காமலே கையை விட்டு எடுத்துத் தின்னத் தொடங்கினார். யாரோ ஒருவரின் முழங்கால் வலி, யாருடையதோ படகின் எஞ்சின், பனி எப்போது கரையும், இதுதான் கதை. பிறகு சுபா விசாரித்துச் சொன்னா: இரண்டு பேரின் தாய்மாரும் கூடப்பிறந்த சகோதரிகள். கிளைவின் தாய் இளமையிலேயே போய்விட, ஒலிவின் தாய்தான் எல்லாப் பிள்ளைகளையும் ஒரே வீட்டில் வளர்த்தாவாம். ஆகவே தேர்தலில் மோதுகிற இரண்டு பேரும், எங்கள் முறைப்படி சொன்னால், ஒருவர் அந்த அம்மாவின் மகன், மற்றவர் பெறாமகன்.

வேலை முடிந்து கிளைவ் ஒலிவின் பையையும் தூக்கிக்கொண்டு பஸ் தரிப்பிடத்துக்கு வெளிக்கிட்டார். குகனுக்குப் பொறுக்கவில்லை. "உங்களுக்குள்ள சண்டை ஒண்டும் இல்லையோ?" என்று கேட்டுவிட்டார். கிளைவ் கதவைத் தோளால் திறந்து பிடித்துக்கொண்டு சொன்னார்: "ஏன் இல்லை, இருக்கு. அது தேர்தல் அண்டைக்கு ஒரு நாளைக்கு. மிச்ச நாளுக்கு எனக்கு இந்த மீன் வேணுமே."

என் கைவேலை

கலியாணக் கார்ட்டின் நாலு மூலையிலும் மஞ்சள் வைப்பது உங்களுக்குத் தெரிந்ததுதான். ஊரில் அதை வீட்டில் வைப்பார்கள். இங்கே தாயும் தகப்பனும் இரண்டு வேலைக்கு ஓடுகிறவர்கள். "நீங்களே வைச்சுத் தாங்கோ அண்ணை" என்று விட்டுவிடுவார்கள். அதனால் அதுவும் என் வேலையாகப் போயிற்று. மஞ்சள்தூளை ஒரு மூடியில் தண்ணீர் விட்டுக் குழைத்து, மோதிர விரலால் வைப்பேன். அந்தக் கிழமை றிச்மண்ட் ஹில் கலியாணத்துக்கு முந்நூறு கார்ட், ஆயிரத்து இருநூறு பொட்டு. அதை முடித்துக் கட்டிவிட்டுத் திரும்பினால், அடுத்த அடுக்கு ஒலிவுடையது. கிளைவின் கார்ட்டுகள் இரண்டு நாள் முன்னரே போய்விட்டன. ஒலிவுடையது கலியாணக் கார்ட்டின் அதே பாலாடை மட்டை, அதே அளவு. மூடியில் மஞ்சள் மிச்சம் இருந்தது.

மறதியில் செய்தேன் என்று சொன்னால் அது பொய். தெரிந்துதான் செய்தேன். மூன்றாம் முறை நிற்கிற ஒரு மனிதர். தன் தம்பிக்கும் ஒன்று என்று எண்ணிக் கொடுத்த ஒரு தமக்கை. நல்ல காரியத்துக்குப் போகிற கடதாசி எங்கள் மேசையிலிருந்து வெறுமனே போகக்கூடாது என்று பட்டது. முன்னூற்று எண்பத்தாறு கார்ட், ஆயிரத்து ஐந்நூற்று நாற்பத்துநாலு பொட்டு. இரண்டரை மணித்தியாலம். ஒன்றும் வழியவில்லை, ஒன்றும் சரியவில்லை. பழுதுக்கென்று கூட அடித்திருந்த பத்தையும், ஒன்றும் கூட வேண்டாம் என்று ஒலிவ் சொன்னபடி, மெசினில் துண்டு துண்டாக வெட்டிவிட்டு, காயவைத்ததைப் பார்த்துக்கொண்டு நின்றேன். சுபா சாப்பிட்டுவிட்டு வந்தா. பார்த்தா. "அங்கிள்," என்றா, "கிளைவின்ரை பார்ட்டிக் கலர் என்ன?"

கிளைவின் மஞ்சள் கார்ட்டுகளை என் கையாலேயே வெட்டிக் கட்டினவன் நான். அப்படியிருந்தும் அந்த நினைப்பு எனக்கு வரவேயில்லை. நீலக் கட்சிக்காரர், நாலு மூலையிலும் எதிர்க்கட்சி நிறத்தோடு வாசலில் போய் நிற்கப் போகிறார். ஐந்து மணிக்கு ஒலிவ் வருவா. விடியப் பிளேனில் போகிற ஒருவரிடம் பெட்டியைக் கொடுக்க வேண்டும். மட்டை கடையில் இல்லை. அன்று சனிக்கிழமை, விட்பியில் இருக்கிற மட்டைக்காரர் பூட்டு. மூலைகளை வெட்டலாமா என்று அடிமட்டம் வைத்துப் பார்த்தேன். பொட்டுப் போக வெட்டினால் கீழே இருக்கிற நேர்ஸ் வரியில் பாதி போய்விடும். குகன் என் கையிலிருந்து அடிமட்டத்தை வாங்கி மேசையில் வைத்தார். பிறகு சொன்னார்: "அண்ணை, நீங்கள்தான் அவவுக்குச் சொல்ல வேணும். நான் சொன்னால் ஏசுவா. உங்களை ஏச அவவுக்கு மனம் வராது."

ஐந்து மணி

சுபாவிடம் ஒரு வசனம் பாடமாக்கி வைத்திருந்தேன். ஒலிவ் உள்ளே வந்ததும் அதில் பாதி போய்விட்டது. "மேடம், மை மிஸ்ரேக்" என்று ஒரு கார்ட்டை நீட்டினேன். அவ வாங்கிப் பார்த்தா. நாலு மூலையையும் பார்த்தா. ஒரு மூலையை மூக்கடியில் பிடித்து மணந்தும் பார்த்தா. சுபா விளங்கப்படுத்தினா: எங்கள் ஆட்கள் ஒரு நல்ல காரியத்துக்கு அழைக்கிறபோது இப்படி வைப்பார்கள், அங்கிள் அதை உங்கள் தம்பிக்காக வைத்தார், நிறத்தை யோசிக்கவில்லை என்று. ஒலிவ் என்னை ஏசவில்லை. வாங்கில் போய் இருந்து, கோட்டும் கழற்றாமல், பத்து நிமிடம் அந்தக் கார்ட்டையே பார்த்துக்கொண்டிருந்தா. ஏசியிருந்தால் எனக்குச் சுகமாக இருந்திருக்கும். அந்தப் பத்து நிமிடம் எப்படி இருந்தது என்று பிழை விட்டு நின்ற எவருக்கும் நான் சொல்லத் தேவையில்லை.

பிறகு எழும்பித் தம்பிக்கு ரெலிபோன் எடுத்தா. கதைத்ததில் "யெலோ" என்ற சொல் மட்டும் எனக்கு விளங்கியது. நாலு முறை வந்தது. கடைசியில் ஸ்பீக்கரைப் போட்டு, உங்களோடு கதைக்க வேண்டுமாம் என்று என்னைக் காட்டினா. அந்தப் பக்கத்தில் கதைக்கத் தெரியாத ஒருவர், இந்தப் பக்கத்தில் கதைக்கத் தெரியாத நான். எத்தனை கார்ட்டில் வைத்தீர்கள் என்று கேட்டார். "ஓல். த்ரீ எய்ற்றி சிக்ஸ்" என்றேன். கையாலேயோ என்றார். "ஹாண்ட், சேர். வன் ஃபிங்கர்" என்றேன். இரண்டு பேரும் பேசாமல் நின்றோம். லைன் வெட்டுப்பட்டுவிட்டது என்று குகன் ரெலிபோனைத் தட்டப் போனார். அப்போதுதான் அவர் சொன்னார்: "ஒவ்வொரு வீட்டிலையும் ஏன் மஞ்சள் எண்டு கேக்கப் போகினம். இந்த முறை பதில் சொல்லாமல் கேற்றடியில நிண்டு திரும்ப ஏலாது. அனுப்பிவிடுங்கோ."

கேற்றுக்கு உள்ளே

பிறகு மூன்று கிழமை, வேலை முடிந்து போகிற வழியில் ஒலிவ் எட்டிப் பார்ப்பா. செய்தி துண்டு துண்டாக வரும். முதல் வீட்டிலேயே கேட்டுவிட்டார்களாம்: நீ எப்போது அந்தப் பக்கம் மாறினாய் என்று. அவர் நின்று சொல்லியிருக்கிறார்: கனடாவில் ஒரு அச்சகத்தில் ஒரு வயதான மனிதர், தங்கள் ஊரில் கலியாணத்துக்கு வைக்கிறதைத் தனக்கு வைத்து அனுப்பியிருக்கிறார், விரலால், ஒவ்வொன்றாக என்று. வீட்டுக்காரி உள்ளே வரச்சொல்லி இருத்தினாவாம். அடுத்த வீட்டில் ஒரு கிழவர் கார்ட்டைப் புரட்டிப் பார்த்துவிட்டு, கலியாணக் கார்ட் என்றால் பொம்பிளை யார் என்று கேட்டாராம். "நேர்ஸ்தான் பொம்பிளை, நீங்கள் கூப்பிட்டால் வருவா" என்று அவர் சொல்லிவிட்டாராம். அந்தப் பகிடி அவருக்கு எங்கிருந்து வந்தது என்று ஒலிவுக்கே தெரியவில்லை. அடுத்த கிழமை தீவில் எல்லோரும் அதைத்தான் சொல்லிக்கொண்டு திரிந்தார்களாம்.

ஒரு நாள் கிளைவும் வந்தார். அவரைக் கண்டதும் நான் மெசினுக்குப் பின்னால் போனேன். அவருடைய ஆட்கள் அங்கே கொதித்துப் போயிருந்தார்களாம், எங்கள் நிறத்தைத் திருடிவிட்டான் என்று. அதைத் தட்டிக் கேட்க அண்ணன் நேரே ஒலிவின் தம்பி வீட்டுக்குப் போனாராம். போனவர் கதை கேட்டு, தேத்தண்ணி குடித்து, வருகிறபோது தனக்கு வந்த கார்ட்டை ஒருவரும் எடுக்கக்கூடாது என்று சட்டைப் பையில் வைத்துக்கொண்டு வந்தாராம். கிளைவ் மெசினைச் சுற்றிக்கொண்டு நான் நின்ற இடத்துக்கே வந்து, தன் மோதிர விரலை நீட்டிக் காட்டினார். "நாப்பது வருஷமாய் அவனைக் கதைக்கப் பண்ண நாங்கள் எல்லாரும் தெண்டிச்சனாங்கள். நீர் ஒரு விரலால செய்துபோட்டீர்."

பதினைந்து பேர்

தேர்தல் முடிந்த மூன்றாம் நாள் ஒலிவும் கிளைவும் சேர்ந்தே வந்தார்கள். ஒலிவின் முகத்தைப் பார்த்தால் ஒன்றும் தெரியவில்லை, கிளைவின் முகத்தைப் பார்த்தாலும் தெரியவில்லை. ஒலிவ் ஒரு துண்டை என் மேசையில் வைத்தா. தம்பிக்கு நூற்று எண்பத்தெட்டு, கிளைவின் அண்ணனுக்கு நூற்று எண்பத்துமூன்று. ஐந்து வாக்கால் வென்றுவிட்டார். குகன் கையைத் தட்டினார், சுபா ஒலிவைக் கட்டிப் பிடித்தா. நான் வாழ்த்துச் சொல்ல மறந்துபோனேன். கூட்டினால் முன்னூற்று எழுபத்தொன்று. கார்ட் முன்னூற்று எண்பத்தாறு. "ஃபிஃப்ரீன்?" என்று கேட்டேன்.

வேறொருவர் என்றால் என்னை ஒரு மாதிரிப் பார்த்திருப்பார். ஒலிவ் கோட்டைக் கழற்றிவிட்டு இருந்து, விரல் மடித்தா. கப்பலில் வேலைக்குப் போனவர்கள் ஐந்து பேர், பெயர் பெயராகச் சொன்னா. பெரிய தீவின் ஆஸ்பத்திரியில் மூன்று. வேலை தேடி வெளிநாடு போய் இன்னும் திரும்பாதவர்கள் நாலு. அன்று விடியப் பிள்ளை பெற்றவ ஒன்று. நேர்ஸ் வருகிற நாள் அல்ல, படகில் கொண்டுபோனார்களாம். ஒரு மதிலை யார் கட்டுவது என்ற விஷயத்தில் இரண்டு வேட்பாளரோடும் கோபமான மனிதர் ஒருவர். இத்தனை வருடத்தில் என்னைப் போல எண்ணுகிற ஒருவரை நான் கண்டதில்லை. நான் கடதாசியை எண்ணுகிறேன், அவ ஆட்களை எண்ணுகிறா. எது கஷ்டமான வேலை என்று எனக்குத் தெரியும்.

"பதினாலு" என்றேன். ஒலிவும் கிளைவும் ஒருவரை ஒருவர் பார்த்தார்கள். ஒலிவ் மடிக்க மிச்சமிருந்த விரலை மடிக்காமல் பிடித்துக்கொண்டு சொன்னா: "பதினைஞ்சாவது அம்மா. ஆர் வெண்டாலும் ஆர் தோத்தாலும் ரெண்டு பேரும் பசியோட வருவினம் எண்டு, வோட்டுப் போடப் போகாமல் காலமை தொடங்கிச் சமைச்சுக்கொண்டு நிண்டவ. ரெண்டு பேரும் வந்து சாப்பிட்டவை."

நன்றி

வென்றவர்கள் அடுத்த கிழமையே நன்றிக் கார்ட் அடிப்பது எங்கும் வழக்கம். இவர் அடிக்கவில்லை. நான் கணக்கு வைத்திருந்தேன். ஏழு மாதம் போயிற்று. இலை எல்லாம் கொட்டின ஒரு நாள் ஒலிவ் வந்து கையெழுத்தில் ஒரு தாள் தந்தா. "நேர்ஸ் வந்துவிட்டா. ஒவ்வொரு நாளும். நன்றி." கீழே இரண்டு பெயர். தம்பியுடையது ஒன்று, கிளைவின் அண்ணனுடையது மற்றது. நேர்ஸைக் கேட்டு அலுவலகங்களுக்கு இரண்டு பேரும் சேர்ந்துதான் ஏறி இறங்கினவர்களாம்; கதைக்க வேண்டிய இடத்தில் அண்ணன், கதைக்காமல் நிற்க வேண்டிய இடத்தில் தம்பி. ஒரு பெயர் நீலத்தில், ஒரு பெயர் மஞ்சளில் அடிக்க வேண்டும்.

நான் சுபாவிடம், இந்த முறை மூலை வெறுமையாகத்தான் இருக்கும், பயப்பட வேண்டாம் என்று சொல்லச் சொன்னேன். ஒலிவ் தலையை ஆட்டினா. மஞ்சள் இல்லாத கார்ட் என்றால் கேற்றைத் திறக்கமாட்டோம் என்று ஊரில் சொல்லிவிட்டார்களாம். நாலு மூலையிலும் வைக்க வேண்டும், என் விரலால்தான் வைக்க வேண்டும். சரி என்று கொப்பியில் எழுதினேன். முன்னூற்று எண்பத்தாறு என்று நான் எழுதி முடிக்கிறதைப் பார்த்துக்கொண்டு நின்றவ, பேனையை வாங்கிக் கடைசி இலக்கத்தை வெட்டி ஏழு ஆக்கினா. ஒன்று கூட வைக்கச் சம்மதிக்காதவ ஆயிற்றே என்று நான் நிமிர்ந்து பார்த்தேன். "கூட இல்லை," என்றா, "அது உங்கட."

பிழை விட்டால் திரும்ப அடித்துக் கொடுப்பது எங்கள் தொழிலின் விதி. விட்ட பிழையைத் திரும்பவும் அப்படியே விடச் சொல்லி எனக்கு ஓடர் வந்தது அந்த ஒரு முறைதான்.